குட்டி யார் ஊட்டுக்கு?

பிற்பகல் மூன்றேகால் மணிக்கு வெள்ளைத் துணி வெறும் துணியாகிப்போனது. அதற்கு ஒரு நொடி முன்புவரை அதில் ஒரு திமிங்கிலக் குட்டி இருந்தது. செத்து மிதக்கும் தாயின் விலாவை மூக்கால் முட்டிக்கொண்டிருந்தது.

மணியைப் பற்றி எனக்குச் சந்தேகமே இல்லை. என் கணவர் மலை ஆஸ்பத்திரியில் கம்பவுண்டர். மருந்துப் பெட்டி எடுத்துவர அவர் நாமக்கல்லுக்கு இறங்கியிருந்தார். நாலு மணிக்கு ஒரு காய்ச்சல்காரருக்கு மருந்து கொடுக்கவேண்டும் என்று தன் கடிகாரத்தை என்னிடம் விட்டுப் போயிருந்தார். சினிமா பார்க்கும் குஷியில் மருந்தை மறந்துவிடக் கூடாதே என்று அதை மடியிலேயே வைத்துக்கொண்டு அடிக்கடி பார்த்தபடி இருந்தேன். மூன்றேகாலுக்குப் பார்த்தபோது என் மகள் எனக்கு இடப்பக்கம் உட்கார்ந்திருந்தாள். அவளுடைய முழங்கால் என் மேல் பட்டுக்கொண்டிருந்தது. மறுபடி கடிகாரத்தின் நினைவு வந்தபோது அந்த இடத்தில் அவளுடைய துண்டு மட்டும் கிடந்தது.

நான் பயந்த சுபாவம் உள்ளவள். நாகப்பட்டினத்தில் எட்டாம் வகுப்புவரை படித்து, கல்யாணமாகி இந்தப் பக்கம் வந்து, அவருக்கு மாற்றலானபோது கூடவே கொல்லிமலை ஏறியவள். இரண்டு குழந்தைகள் தங்காமல் போனபிறகு, இனி இல்லை என்று எல்லோரும் முடிவு கட்டியபிறகு, பிறந்தவள் இவள். இவளுக்குத் தண்ணீரைக் காய்ச்சாமல் கொடுத்ததில்லை. கழுத்தில் கற்பூரப் பொட்டணம் இல்லாமல் வெளியே விட்டதில்லை. கரடியைப் பார்த்ததாக யாராவது பேச்சுவாக்கில் சொன்னால்கூடப் போதும், அந்த வாரம் முழுக்க அவள் வாசல் தாண்ட முடியாது. இத்தனை செய்தும் அவள் ஒன்பது வயதில் மலை ஆட்டுக்குட்டிபோலத்தான் ஆகியிருந்தாள். நான் வீடு என்று சொன்னால் அவள் ஊடு என்பாள். திருத்தினால், "ரெண்டும் ஒண்ணுதானுங்கம்மா" என்பாள்.

இதை எழுத உட்கார்ந்தபிறகு இரண்டு முறை எழுந்துபோய் அவள் தூங்குவதைப் பார்த்துவிட்டு வந்தேன்.

மலைமேல் சினிமா வரப்போகிறது என்று சந்தைக்குப் போய் வந்தவர்கள் சொன்னபோது யாரும் நம்பவில்லை. ஆனால் அது வந்தது. காளப்பநாயக்கன்பட்டியிலிருந்து ஏறும் ஒற்றையடிப் பாதையில், மூங்கில் கழியில் தூளி கட்டி, கோவிலுக்குச் சாமி கொண்டுபோவதுபோல இரண்டு பேர் அந்த இயந்திரத்தைத் தூக்கிவந்தார்கள். பின்னாலேயே படக்காரர். கோட்டுப் போட்ட ஒல்லி மனிதர். ஒரு வட்டமான தகர டப்பாவைக் கைக்குழந்தையை அணைப்பதுபோல மார்போடு அணைத்திருந்தார். மலைமேல் ஊர்த்தொகுதியை நாடு என்பார்கள். எங்கள் திண்ணனூர் நாட்டில் அன்று கொத்தும் இல்லை, களையும் இல்லை. எல்லோரும் பாதை முகப்பிலேயே நின்றுவிட்டார்கள்.

என்னிடம் தண்ணீர் வாங்கிக் குடித்துவிட்டுப் படக்காரர் சொன்னார்: "சேலத்துல படம் பேச ஆரம்பிச்சிடுச்சுங்க அம்மா. நானோ பேசாத படத்தை வெச்சுக்கிட்டுப் பக்கத்துல நின்னு பேசுறவன். இனிமே எனக்கு மலைதான் கதி."

"என்ன படம்?"

"திமிங்கில வேட்டை. மலைக்காரங்க வேட்டையில கெட்டிக்காரங்கன்னு சொன்னாங்க. அதான் இதையே கொண்டாந்தேன். மொத்தம் ரெண்டு டப்பா. ரெண்டாவது இன்னிக்கு பஸ்ஸுல அடிவாரத்துக்கு வருது. தலையில வெச்சுக் கொண்டார அங்க ஒரு ஆளை நிறுத்தியிருக்கேன். முதல் டப்பா முடியுறதுக்குள்ள வந்துடுவான்."

திமிங்கிலம் என்ற சொல்லைக் கேட்டதும் எனக்கு உடம்பெல்லாம் ஒரு பரபரப்பு. பள்ளிக்கூடப் பாடத்தில் படித்தது. பிறந்த ஊரில் கடலைத் தினமும் பார்த்தவளானாலும் திமிங்கிலத்தை நான் பார்த்ததில்லை. பார்த்தவர் யாரையும் எனக்குத் தெரியாது. அன்று சோறு ஆக்கினேனா என்பதே ஞாபகம் இல்லை. திரைக்குத் துணி போதவில்லை என்றபோது என் கணவரின் இரண்டு எட்டு முழ வேட்டிகளைச் சேர்த்து நானே தைத்துக் கொடுத்தேன்.

இரவில் காட்டினால் தூரத்துக் குடிகள் திரும்பிப் போக முடியாது என்று ஊர்க்கவுண்டர் பகலிலேயே காட்டச் சொன்னார். பகலில் இருட்டுக்கு எங்கே போவது? அதற்கும் அவரே வழி சொன்னார். ஊர்ச் சாவடியின் வாசல்களிலும் சாளரங்களிலும் கறுப்புக் கம்பளிகளைத் தொங்கவிட்டார்கள். கம்பளி கொடுத்தவர்களுக்கு முன்வரிசை. எங்கள் வீட்டுக் கம்பளி கிழக்கு வாசலில் தொங்கியது. அதனால் நானும் மகளும் முன்னால் உட்கார்ந்தோம். எனக்கு வலப்பக்கம் பக்கத்து வீட்டு அம்மாள். வாய்க்குப் பேர்போனவர்.

கார்பைடு விளக்கு சீறியது. பூண்டு அழுகியதுபோல ஒரு வாடை. படக்காரர் கைப்பிடியைச் சுற்ற ஆரம்பித்தார். என் கணவரின் வேட்டியில் கடல் வந்தது.

பிறகு பின்னாலிருந்து ஒருவர் கேட்டார்: "ஏனுங்க, அக்கரை எங்கீங்க?"

"அக்கரை கிடையாது, மகாஜனங்களே. பார்க்கும் இடமெல்லாம் நீர், நீர், நீர்" என்றார் படக்காரர். வேலை என்று வந்துவிட்டால் அவர் தமிழ் மாறிவிடும்.

"அப்பறம் அத்தினி தண்ணி எதுல நிக்குது?"

"உன்ற தலைலதான் நிக்குது, சும்மா பாரு" என்றார் பக்கத்து வீட்டு அம்மாள்.

அப்போது தண்ணீருக்குள்ளிருந்து ஒரு குன்று எழுந்தது. எழுந்து, உச்சியிலிருந்து வெள்ளையாகப் புகையை ஊதிவிட்டு, மறுபடி அமிழ்ந்தது. "மஞ்சு உடுதுங்கோ" என்று யாரோ கத்தினார்கள். எங்கள் மலையில் மூடுபனிக்கு மஞ்சு என்று பெயர். சாவடி முழுக்கச் சிரிப்பு. நான் என்னை அறியாமல் எழுந்து நின்றிருக்கிறேன். பின்னாலிருந்து முந்தானையைப் பிடித்து இழுத்தார்கள். "கம்பவுண்டரம்மா, உக்காருங்க. உங்க கொண்டை கடல்ல தெரியுது."

படத்தில் சின்னப் படகில் ஆறேழு பேர் இறங்கினார்கள். ஒருவன் முன்னால் நின்று ஈட்டியை ஓங்கினான். ஈட்டியின் வாலில் கயிறு. எங்கள் ஆண்கள் முன்னால் நகர்ந்து உட்கார்ந்தார்கள். இது அவர்களுக்குத் தெரிந்த விஷயம்.

"ஈட்டிக்குக் கயிறு கட்டியிருக்கான் பாருங்க. நல்ல ரோசனை."

"என்ன நல்ல ரோசனை? அது ஓடுனா இவனையும் சேத்தில்ல இழுத்துட்டுப் போகும்."

அப்படியேதான் ஆனது. ஈட்டி பாய்ந்ததும் திமிங்கிலம் படகை இழுத்துக்கொண்டு ஓடியது. படகின் இரண்டு பக்கமும் தண்ணீர் சுவர்போல எழும்பியது. சாவடி இரண்டாகப் பிரிந்துவிட்டது. பாதிப் பேர், "உடாத, உடாத" என்றார்கள். மீதிப் பேர், "கயித்த அறுத்துட்டு ஓடீரு சாமி" என்று திமிங்கிலத்திடம் சொன்னார்கள். என் மகள் திமிங்கிலத்தின் கட்சி. என் கையைக் கிள்ளிக்கொண்டே இருந்தாள். நான் எந்தக் கட்சி என்று எனக்குத் தெரியவில்லை. படகில் இருந்தவர்களுக்கும் தாய் இருப்பாளே என்றும் தோன்றியது.

கடைசியில் அது களைத்தது. தண்ணீர் கறுப்பாகியது. பெரிய கப்பல் ஒன்று வந்து அதைச் சங்கிலியால் பக்கவாட்டில் பிணைத்தது. நீளக் கத்திகளோடு ஆட்கள் அதன் முதுகின் மேலேயே ஏறி நடந்தார்கள். அப்போதுதான் கீழே, தண்ணீரில், சின்னதாக ஒன்று தெரிந்தது.

"பக்கத்துல அது என்னங்க?"

"அதுவா? மீன்களின் மகாராஜாவைப் பின்தொடர்ந்து வந்த ஒரு சிறு மீன்" என்றார் படக்காரர்.

"மீனுக்குப் பின்னால மீனு எதுக்கு வந்து முட்டுது?" என்றார் பக்கத்து வீட்டு அம்மாள்.

ஊர்க்கவுண்டர் இருட்டில் என் பக்கம் திரும்பினார். "கம்பவுண்டரம்மா, நீங்க கடல் பாத்தவங்க, படிச்சவங்க. அது மீனுங்களா?"

வகுப்பில் கேள்வி கேட்கப்பட்ட பெண்ணைப்போல நான் எழுந்து நின்று பதில் சொன்னேன். திமிங்கிலம் மீன் இல்லை. முட்டை இடாது. மாடுபோலக் கன்று ஈன்று பால் கொடுக்கும். அதோ முட்டுவது அதன் பால்குட்டி. இன்று யாராவது கேட்டாலும் இதையேதான் சொல்வேன். ஆனால் சாவடியில் அது எப்படி விழும் என்று நான் யோசிக்கவில்லை.

எங்கள் நாட்டில் வேட்டைக்கு ஒரு முறை உண்டு. விழுந்த மிருகம் பால்மடியோடு இருந்தால் அதன்மேல் கத்தி வைக்கக் கூடாது. முதலில் குட்டி தீரவேண்டும். தீர்வது என்றால், கூடியிருப்பவர்களில் யாராவது ஒருவர், "குட்டி என் ஊட்டுக்கு" என்று வாய்விட்டுச் சொல்லவேண்டும். பிறகு புதரெல்லாம் தேடிக் குட்டியைக் கண்டுபிடித்து அந்த வீட்டில் வளர்ப்பார்கள். பக்கத்து வீட்டு அம்மாள் அப்படிச் சொல்லி வாங்கிய காட்டுப்பன்றிக் குட்டி இப்போது அவர் பின்னாலேயே சந்தைக்கு வந்து, அவர் உட்கார்ந்தால் உட்கார்ந்து, எழுந்தால் எழுகிறது. மீனுக்கு இந்த முறை கிடையாது. ஓடையில் மீன் பிடித்துவிட்டு யாரும் எதுவும் சொல்வதில்லை. மீன் என்று சொல்லியிருந்தால் அது மீன். பால்குட்டி என்று நான் சொன்னதும் அது வழக்காகிவிட்டது.

"குட்டி தீரலீங்க" என்றார் ஒருவர். "தீராம கத்திய வெக்கிறான் பாருங்க."

அந்த நேரத்தில்தான் துணி வெள்ளையானது. மூன்றேகால்.

"மீதி எங்கீங்க?"

"மீதி அடுத்த டப்பாவில், மகாஜனங்களே. டப்பா வந்துகொண்டே இருக்கிறது."

"டப்பா கெடக்கட்டும். குட்டி யார் ஊட்டுக்குப் போச்சு? அதச் சொல்லுங்க."

படக்காரர் இதை வேடிக்கை என்று எடுத்துக்கொண்டார். "யார் வீட்டுக்கு? கப்பல்காரர் வீட்டுக்குத்தான். தொட்டியில் விட்டு வளர்க்கிறார்."

"தொட்டியா? எங்க ஊட்டுப் பன்னிக்கே தொட்டி பத்தல" என்றார் பக்கத்து வீட்டு அம்மாள். மறுபடி சிரிப்பு. ஊர்க்கவுண்டர் மட்டும் சிரிக்கவில்லை.

"பாத்துச் சொல்றீங்களா, சும்மா சொல்றீங்களா?"

படக்காரரின் மேடைத் தமிழ் கழன்றுவிட்டது. "சும்மாதாங்க சொன்னேன். ரெண்டாவது டப்பாவை நானே இன்னும் ஓட்டிப் பாக்கலீங்க. கோவிச்சுக்காதீங்க."

"கோவமெல்லாம் இல்லீங்க. ஆனா குட்டி தீர்ற வரைக்கும் நீங்க பெட்டி கட்ட வேண்டாமுங்க."

"இது படங்க. எந்தக் காலத்துலயோ, எந்தத் தேசத்துலயோ நடந்தது."

"நடந்துதில்ல?"

ஒருவர் கேட்டார், அங்கே யாருமே சொல்லாமல் விட்டிருந்தால் என்ன செய்வது என்று. "சொல்லாம உட்டா அது பாத்தவங்க தலைல" என்றார் ஊர்க்கவுண்டர். பாத்தவங்க என்றால் யார்? படகுக்காரர்கள் என்றார் ஒருவர். நாமும்தான் உட்கார்ந்து பார்த்தோம் என்றார் இன்னொருவர். சத்தம் கிளம்பியது. குட்டி ஒரு நாளைக்கு எத்தனை குடம் பால் குடிக்கும், அதற்கு எத்தனை எருமை வேண்டும், ஓடையில் விட்டால் கொள்ளுமா, உப்புத் தண்ணீருக்கு என்ன செய்வது என்று ஆளுக்கு ஆள் பேச, எல்லாவற்றுக்கும் என்னைக் கேட்டார்கள். நானும் சளைக்காமல் பதில் சொன்னேன். அத்தனை பேர் என் பேச்சைக் கேட்டு எனக்கு எத்தனையோ வருஷம் ஆகியிருந்தது.

நடுவில் என் மகள் முந்தானையை இழுத்தாள். "அம்மா, நாமளும் பாத்தமில்ல?"

"ஆமாம், சும்மா இரு" என்றேன்.

சாவடிக்குள் வெளிச்சம் அதிகமாக இருப்பது கொஞ்ச நேரம் கழித்துத்தான் எனக்கு உறைத்தது. கிழக்கு வாசலில் எங்கள் கம்பளி இல்லை. இடப்பக்கம் பார்த்தேன். துண்டு கிடந்தது.

வெளியே ஓடினேன். மஞ்சு இறங்க ஆரம்பித்திருந்தது. பலா மரங்களின் அடி தெரிந்தது, தலை தெரியவில்லை. சுருட்டுப் பிடிக்க வெளியே வந்த ஒருவர் சுவரில் சாய்ந்து நின்றிருந்தார்.

"பாப்பாவைப் பாத்தீங்களா?"

"பாத்தேனுங்க. கம்பளியப் போத்திக்கிட்டுப் பாதைப் பக்கம் போச்சு. தகரம் வாங்கியாரப் போறேன்னுச்சு."

"நீங்க தடுக்கலையா?"

"தடுக்கறதா? வெரசா வாங்கியா சாமி, குட்டி சேதி தெரியட்டும்னு சொல்லி உட்டேனுங்க."

அந்தப் பாதையை நான் நன்றாக அறிவேன். பாதி வழியில் ஓர் இடத்தில் ஒரு பக்கம் பாறை, மறு பக்கம் ஒன்றுமே இல்லை. நல்ல வெயிலிலேயே அங்கே நான் உட்கார்ந்து நகர்ந்துதான் போவேன். என் வாயிலிருந்து என்ன சத்தம் வந்ததோ, சாவடி முழுக்க வெளியே வந்துவிட்டது.

ஊர்க்கவுண்டர் கேள்வி எதுவும் கேட்கவில்லை. நாலு பேரைப் பார்த்துத் தலையை அசைத்தார். அவர்கள் இறங்கினார்கள். எல்லோருமாக இறங்கினால் கல் உருளும், கீழே குழந்தை இருக்கிறது என்றார். போகிறவர்கள் பெயர் சொல்லிக் கூப்பிடவில்லை. மஞ்சில் பெயர் உடைந்துபோகும், கூவல் உடையாது என்பார்கள். கொஞ்சம் இறங்கி ஒருவர் கூ என்பார். இன்னும் கீழே இன்னொருவர் கூ என்பார். பிறகு பதிலுக்காக அமைதி. பதில் வரவில்லை.

பாதை முகப்பில் என்னை உட்காரவைத்தார்கள். மஞ்சு அதற்குள் விளிம்புவரை நிரம்பிவிட்டது. கீழே மரமும் இல்லை, பாறையும் இல்லை, சமவெளியும் இல்லை. வெள்ளையாக, அசைந்தபடி, கரை இல்லாத ஒன்று. அக்கரை எங்கே என்று சாவடியில் கேட்டவரை நினைத்துக்கொண்டேன். என் மகள் அதற்கு அடியில் எங்கோ இருந்தாள்.

"விளக்கு வேணுமுங்க. பந்தம் இந்த ஈரத்துல நிக்காது" என்றார் ஊர்க்கவுண்டர்.

படக்காரர் திரும்பிச் சாவடிக்கு ஓடினார். இயந்திரத்திலிருந்து விளக்கைக் கழற்றி, கண்ணாடி வில்லையோடு சேர்த்து, இரண்டு கைகளாலும் தூக்கிவந்து பாதை முகப்பில் ஒரு பாறைமேல் வைத்தார். மிச்சம் இருந்த கார்பைடு முழுவதையும் அதில் கொட்டினார்.

"எல்லாத்தையும் கொட்டிட்டா படத்துக்கு?" என்று யாரோ கேட்டார்கள்.

"படம் ஓடாதுங்க" என்றார். அவ்வளவுதான் சொன்னார். அந்த இரண்டாவது டப்பா எங்கள் மலையில் இன்றுவரை ஓடவில்லை.

விளக்கு சீறியது. வெளிச்சம் மஞ்சின்மேல் விழுந்து பெரிய வெள்ளைத் துணிபோல நின்றது. என் கணவரின் வேட்டிகளைவிட நூறு மடங்கு பெரிய துணி. அதில் எதுவும் வரவில்லை.

அந்த நேரத்தில் கம்பளி போர்த்திய ஒருவர் என் முன்னால் வந்து நின்றார். "அம்மா, நாலு மணி ஆயிருக்குமுங்களா? என்ற மருந்து." பார்த்தால் அந்தக் காய்ச்சல்காரர். படம் பார்க்க எழுந்து வந்திருக்கிறார். மருந்துக் குப்பியை இடுப்பிலிருந்து எடுத்துக் கொடுத்தேன். பாதையிலிருந்து கண்ணை எடுக்காமல் கொடுத்ததில் பாதி அவர் கம்பளிமேல் சிந்தியது. மீதியைக் குடித்துவிட்டு அவரும் விளிம்பில் நின்று, இருமலுக்கு நடுவே, கூ என்று கத்த ஆரம்பித்தார்.

எனக்கு அழுகை வந்தது. பக்கத்து வீட்டு அம்மாள் தோளில் ஒரு தட்டுத் தட்டினார். "அழுவாதீங்க. கீழ கூப்புடறது கேக்காது."

வாயை மூடிக்கொண்டேன். உள்ளுக்குள் எல்லாச் சாமிகளையும் கூப்பிட்டு முடித்து, கடைசியில் அந்தத் திமிங்கிலக் குட்டியைக்கூட என் வீட்டுக்கே அனுப்பு, தொட்டி கட்டி நானே வளர்க்கிறேன் என்று வேண்டிக்கொண்டதை இப்போது நினைத்தால் சிரிப்பாக இருக்கிறது. அப்போது ஒரு வார்த்தைகூட விளையாட்டாகச் சொல்லவில்லை. அன்று யாராவது கொண்டுவந்து இறக்கியிருந்தால் வாங்கியிருப்பேன்.

பக்கத்து வீட்டு அம்மாளின் பன்றிதான் முதலில் தலையைத் தூக்கியது. காதை விறைத்துக்கொண்டு பாதையைப் பார்த்தது. அம்மாள் என் தோளை இறுக்கிப் பிடித்தார். எங்களுக்கு ஒன்றும் கேட்கவில்லை. பிறகு கேட்டது. அடியிலிருந்து, மெலிசாக, ஒற்றையாக, கூ.

இறங்கியவர்கள் நாலு பேரும் ஒரே சமயத்தில் பதில் கூவினார்கள். மேலே நின்றவர்களும் கூவினார்கள். மலையே கூவியது. பன்றி எங்களை இடித்துத் தள்ளிக்கொண்டு பாதையில் ஓடியது.

வெள்ளையில் கறுப்பாக ஒன்று தெரிந்தது. சின்னதாக, குட்டையாக, தலையிலிருந்து கால்வரை கம்பளி. அதன் பின்னால் இன்னொன்று, மிகப் பெரியதாக. கிட்டே வந்தபிறகுதான் புரிந்தது. முன்னால் என் மகள். பின்னால் ஆறடி உயரத்தில் ஓர் ஆள், தலையில் சும்மாடு, சும்மாட்டின்மேல் தகர டப்பா. ஒரு கையால் டப்பாவைப் பிடித்திருந்தார். மறு கையில் என் மகளின் கம்பளி நுனி.

அவர்தான் முதலில் பேசினார். மூச்சு வாங்கியது. "நான் அடிவாரத்துப் பட்டிக்காரனுங்க. இந்த மஞ்செல்லாம் நமக்குப் பளக்கமில்ல. ஊத்துக்கிட்ட கால் எடுத்து வெக்க பயந்து உக்காந்துட்டேன். இந்தப் பாப்பாதான், நுனியப் புடிச்சுக்கங்க, நான் நிக்கச் சொன்னா நில்லுங்கன்னு சொல்லிக் கூட்டியாந்துச்சு. பாறைகிட்ட என்னைய உக்காந்தே நகரச் சொல்லிருச்சுங்க. எங்கம்மா அப்படித்தான் வருவாங்கன்னுச்சு."

யாரோ சிரித்தார்கள். நான் அவளுடைய மணிக்கட்டைப் பிடித்திருந்தேன். எப்போது போய்ப் பிடித்தேன் என்று தெரியாது. திட்டவேண்டும் என்று வாயைத் திறந்தேன். அதற்குள் கை அவள் கழுத்தில் கற்பூரப் பொட்டணம் இருக்கிறதா என்று தடவப் போய்விட்டது.

படக்காரர் டப்பாவை வாங்கிப் பார்த்தார். மூடி இளகியிருந்தது. உள்ளே சுருளின் ஓரத்தில் ஒரு பச்சை இலை ஒட்டிக்கொண்டிருந்தது. "இதை யார் திறந்தது?"

"மஞ்சு மூடறதுக்கு முந்தி பாப்பாதானுங்க தொறக்கச் சொல்லுச்சு" என்றார் ஆள். "தொறந்து காட்டாட்டி ஒரு எட்டு நகரமாட்டேன்னுருச்சு. சுருளை வெளிச்சத்துல தூக்கித் தூக்கிப் புடிச்சு, அங்கொரு கட்டம் இங்கொரு கட்டமா, கடைசிவரைக்கும் பாத்துச்சுங்க. எனக்குக் கை கடுத்துப்போச்சு."

ஊர்க்கவுண்டர் குனிந்தார். "என்ன கண்ணு பாத்த?"

அவள் முதலில் என்னைப் பார்த்தாள். நான் திட்டப்போவதில்லை என்று தெரிந்ததும், கம்பளியைத் தலையிலிருந்து தள்ளிவிட்டு, சாவடியில் வழக்குச் சொல்கிற பெரியவர்களைப்போல நிமிர்ந்து நின்று சொன்னாள்.

"தாயி செத்துப்போச்சுங்க. அது நெசந்தான். குட்டி ரொம்ப நேரம் கப்பல் பின்னாலயே போச்சு. அப்பறம் இன்னொரு பெருசு வந்து அதும் பக்கத்துல சேந்துக்கிச்சுங்க. கடைசிக் கட்டம்வரைக்கும் ரெண்டும் ஒண்ணாத்தான் போகுது. குட்டி என் ஊட்டுக்குன்னு அது சொல்லிருச்சு. இனி அவரு பெட்டியக் கட்டிக்கலாமுங்க."